நாலாவது இடத்துக்காரர்

அர்னால்டு ஷ்வார்ஸ்நெக்கரை நம் வீட்டுக் குழந்தைகளுக்குக்கூடத் தெரியும். அவர் 'டெர்மினேட்டர்' ஆவதற்கு முன்பே அவரை ஊரறியச் செய்த படம் ஒன்று உண்டு. 1977-ல் வந்த 'பம்பிங் அயர்ன்' என்ற ஆவணப்படம். 1975-ல் தென்னாப்பிரிக்காவின் பிரிட்டோரியா நகரில் நடந்த ஆணழகன் போட்டிகள்தான் அதில் முக்கியம். மிஸ்டர் ஒலிம்பியா பட்டத்தை அர்னால்டு ஜெயித்தார். அது எல்லோரும் பேசுகிற கதை.

அதே படத்தில் அதிகம் பேசப்படாத ஒருவர் இருக்கிறார். மைக் காட்ஸ். அமெரிக்காவின் கனெக்டிகட் மாநிலத்தில் பள்ளி ஆசிரியர். சின்ன வயதில், 'கண்ணாடி போட்ட யூதப் பையன்' என்று மற்ற பிள்ளைகளிடம் கேலி வாங்கியவர். அந்த வலிதான் அவரை விளையாட்டுக்குத் தள்ளியது. அமெரிக்கக் கால்பந்தில் நியூயார்க் ஜெட்ஸ் அணி வரை போனார். காலில் அடிபட்டதால் அந்த வாழ்க்கை முடிந்துபோனது. பிறகு இரும்பைத் தூக்கினார். மிஸ்டர் யூனிவர்ஸ் பட்டம் அவருடைய கனவு.

போட்டி நாளில் அவருடைய டி-ஷர்ட்டைக் காணவில்லை. தேடித் தேடிப் பார்க்கிறார். எதிராளி கென் வாலர்தான் ஒளித்துவைத்தார் என்கிறது படம். வாலர் நண்பர்களோடு பந்து வீசி விளையாடிக்கொண்டே அதற்குத் திட்டம் போடுகிற காட்சி முன்னாடியே வந்துவிடுகிறது. கடைசியில் வாலர் ஜெயிக்கிறார். காட்ஸுக்கு நாலாவது இடம். நமக்கு வாலர் மேல் கோபம் கோபமாக வரும்.

இங்கேதான் ஒரு விஷயம். அந்தத் திட்டம் போடுகிற காட்சி, போட்டி முடிந்த பிறகு எடுக்கப்பட்டது! படத்தில் அதை முன்னால் கொண்டுபோய் ஒட்டிவிட்டார்கள். கதைக்கு ஒரு வில்லன் கிடைத்துவிட்டார். ஆனால், படம் வந்த பிறகு மேடை ஏறிய வாலருக்குக் கைதட்டலோடு கூச்சலும் கிடைத்தது. ஒட்டியவர்களுக்கு அது ஒரு காட்சி, அவருக்கோ அது பெயர்.

இன்று அந்த வேலை நம் கையில் இருக்கிற போனிலேயே நடக்கிறது. அரை நிமிட வீடியோ வருகிறது. மருமகள் கெட்டவள், டீச்சர் கொடுமைக்காரர், டெலிவரி பையன் திருடன் என்று உடனே தீர்ப்பு எழுதி நாலு குரூப்புக்கு அனுப்புகிறோம். அதற்கு முன்னால் என்ன நடந்தது, பின்னால் என்ன நடந்தது, எதை எங்கே ஒட்டினார்கள் என்று கேட்பதே இல்லை.

அந்தப் படத்தில் எனக்குப் பிடித்த இடம், தோற்ற பிறகு காட்ஸின் முகம். கண்ணீரை அடக்கிக்கொள்கிறார். மனைவி, குழந்தைகளுக்கு போன் பண்ண வேண்டும் என்கிறார். ஜெயித்தவரைப் பாராட்டப் போகிறார். பரீட்சையிலோ பந்தயத்திலோ தோற்று வீடு திரும்புகிற பிள்ளைகள் இருந்தால், அர்னால்டின் புஜங்களோடு இந்த ஆசிரியரின் முகத்தையும் அவர்களுக்குக் காட்டுங்கள். தோற்ற அன்றைக்கு அவருக்கு முதலில் ஞாபகம் வந்தது வீடுதான். நம் பிள்ளைகளுக்கும் அப்படி ஞாபகம் வருகிற வீடாக நம் வீடு இருக்க வேண்டும்.