பணத்துக்கும் வாடகை உண்டு

வாடகையாகக் கொடுப்பதெல்லாம் தண்டம் என்றும், அதனோடு இன்னும் கொஞ்சம் சேர்த்து மாதத் தவணையாகக் கட்டிவந்தால் இருபது வருஷத்தில் வீடு நம்முடையதாகிவிடும் என்றும் ஒரு வாதம், கலியாணப் பந்தியில் இலை போட்டுச் சாதம் வருவதற்குள்ளும், மின்சார ரயிலில் பல்லாவரத்துக்கும் தாம்பரத்துக்கும் இடையிலும், கேட்டவருக்கும் கேளாதவருக்கும் ஒருங்கே சொல்லப்பட்டு வருகிறது. எதிர்த்துப் பேச ஆளில்லாமல் நெடுநாள் உலவிவிட்ட காரணத்தாலேயே அதற்கு ஒரு வேதவாக்கின் அந்தஸ்தும் வந்துவிட்டது. என் தமக்கையின் மகன் சென்ற மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் வந்து இதையே என்னிடமும் சொன்னான். அவன் பார்த்துவைத்திருந்தது மேற்குத் தாம்பரத்தில் பத்து வருஷம் பழகிய ஒரு தனி வீடு, விலை 65 லட்சம், கையிலிருக்கும் 15 லட்சம் போக 50 லட்சம் கடன், வட்டி எட்டரை சதவீதம், இருபது வருஷம், மாதம் 43,391 ரூபாய். இப்போது குடியிருக்கும் வீட்டுக்கு வாடகை 18,000. "மாசாமாசம் பதினெட்டாயிரத்தைத் தண்ணியில போடறேன், மாமா" என்றான். அவன் சொன்னவற்றையே பூர்வபட்சமாக வைத்துக்கொண்டு, அன்று அவனிடம் சொன்னதையும், அவன் போன பிறகு எனக்குத் தோன்றியதையும் சேர்த்து இங்கே எழுதுகிறேன்.

முதலில் இந்தத் 'தண்டம்' என்கிற சொல். வாடகை என்பது பிறர் வீட்டை நாம் அனுபவிப்பதற்குக் கொடுக்கும் கூலி என்றால், வட்டி என்பது பிறர் பணத்தை நாம் அனுபவிப்பதற்குக் கொடுக்கும் கூலி. ஒன்று தண்டமானால் மற்றொன்றும் தண்டந்தான். இது நான் கண்டுபிடித்த தத்துவம் அன்று. நம்முடைய ஊர்களில் இன்றைக்கும் வழக்கிலிருக்கும் போக்கியம் என்கிற ஏற்பாட்டைச் சற்றே நினைத்துப் பாருங்கள்: குடியேறுகிறவர் சில லட்சங்களை வீட்டுக்காரரிடம் மொத்தமாகக் கொடுத்துவிடுகிறார், அவருக்கு வாடகை கிடையாது, வாங்கிய பணத்துக்கு வீட்டுக்காரரும் வட்டி கொடுப்பதில்லை, கெடு முடிந்ததும் இவர் வீட்டைத் திருப்புகிறார், அவர் பணத்தைத் திருப்புகிறார். வாடகையும் வட்டியும் ஒரே சரக்கு, தராசில் எதிரெதிர்த் தட்டில் வைத்தால் நேராக நிற்கும் என்பதைப் பொருளாதார சாஸ்திரம் படிக்காமலே அறிந்துகொண்ட ஜனங்கள் செய்துவைத்த ஏற்பாடு அது. அந்தத் தராசில் என் மருமகனுடைய கணக்கை வைத்தால், ஐம்பது லட்சத்துக்கு எட்டரை சதவீதப்படி முதல் மாத வட்டி மட்டும் 35,417 ரூபாய் ஆகிறது. வீட்டுக்கு 18,000 வாடகை கொடுப்பதை வீண் என்று வருந்துகிறவன், பணத்துக்கு 35,417 வாடகை கொடுப்பதைச் சேமிப்பு என்று எண்ணி மகிழப் போகிறான். 43,391 கட்டி, அதில் வீட்டைச் சேர்வது 7,974.

இதற்கு உடனே வரும் சமாதானம், ஆரம்பத்தில்தான் அப்படி, போகப் போக அசல் வேகமாகக் கரையும் என்பது. வேகமாகக் கரைவது வாஸ்தவம். எப்போதிலிருந்து என்பதுதான் கேள்வி. முதல் ஐந்து வருஷத்தில் அறுபது தவணைகளாக 26 லட்சம் ரூபாய்க்கு மேல் கட்டி முடித்தபின், கடன் இன்னும் 44 லட்சத்துச் சொச்சம் நிற்கும். ஐம்பது லட்சம் இருபத்தைந்து லட்சமாகக் குறைவதற்குப் பதின்மூன்று வருஷமும் பத்து மாதமும் ஆகும். இருபது வருஷக் கடனில் பாதிக் காலமான பத்தாவது வருஷத்தில் பாதிக் கடன் தீர்ந்திருக்கும் என்று எண்ணாதவர் யாரையும் நான் சந்தித்ததில்லை. வங்கியில் வேலை பார்த்து ஓய்வுபெற்ற என் நண்பர் ஒருவர்கூட அப்படித்தான் சொன்னார், பிறகு கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார். இதில் வஞ்சகம் ஏதுமில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். நிலுவையில் இருக்கும் தொகைக்கு மட்டுமே வட்டி போடுகிறார்கள். நிலுவை பெரிதாக இருக்கும்வரை வட்டி பெரிதாக இருக்கிறது. தவணை மட்டும் ஒரே அளவாக நிறுத்தப்பட்டிருப்பதால் இந்த ஏற்றத்தாழ்வு நம் கண்ணுக்குப் படாமல் போகிறது.

"எட்டரை சதவீதந்தானே" என்பது அடுத்த வாதம். தனிநபர் கடனுக்கும் நகைக்கடனுக்கும் கொடுக்கும் வட்டியோடு ஒப்பிட்டால் இது சொற்பமாகவே தோன்றும். ஆனால் கடனின் விலையை நிர்ணயிப்பது சதவீதம் மட்டுமல்ல, அந்தச் சதவீதம் எத்தனை வருஷம் நம் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருக்கிறது என்பதும்தான். எட்டரை சதவீதத்தில் இருபது வருஷத்துக்கு மொத்தம் கட்டுவது ஒரு கோடியே நாலு லட்சத்துச் சொச்சம். அதில் வட்டி 54 லட்சம். 'சௌகரியமாக இருக்கட்டும்' என்று முப்பது வருஷமாக நீட்டினால் மாதத் தவணை 38,446 ஆகக் குறைகிறது; மாதம் ஐயாயிரத்துக்குக் கொஞ்சம் குறைவாக மிச்சம். வட்டியோ 88 லட்சத்தைத் தாண்டுகிறது. அந்த மாதாந்தர ஐயாயிரத்தின் விலை 34 லட்சம். கடன் விற்பவர்கள் எப்போதும் தவணையைச் சொல்லுகிறார்களே ஒழிய மொத்தத்தைச் சொல்லுவதில்லை; புடவைக் கடையில் கஜம் இன்ன விலை என்று மட்டும் சொல்லி, கத்தரிக்கோலை எடுத்த பிறகும் எத்தனை கஜம் என்று சொல்லாமல் வெட்டிக்கொண்டே போகிற வியாபாரியை நாம் சும்மா விடுவோமா?

வருமான வரிச் சலுகையைப் பற்றி நீளமாகச் சொல்ல அவசியமில்லை. பழைய வரிமுறையில், தாம் குடியிருக்கும் வீட்டுக் கடனின் வட்டியில் வருஷத்துக்கு 2 லட்சம் வரை கழித்துக்கொள்ளலாம். முப்பது சதவீத வரிப்படியில் இருப்பவருக்கும், மேல்வரி சேர்த்து, இதனால் மிச்சமாவது 62,400 ரூபாய். முதல் வருஷம் அவர் கட்டும் வட்டியோ 4 லட்சத்து 21 ஆயிரம். 2023-24 நிதியாண்டு முதல் தானாகவே பொருந்தும் புதிய வரிமுறையில், சொந்தக் குடியிருப்புக்கு இந்த வட்டிக் கழிவே கிடையாது. என் மருமகன் புதிய முறையில்தான் இருக்கிறான். தன் நண்பர்கள் சொன்ன சலுகையைத் தன் கணக்கிலும் எழுதிவைத்திருந்தான்.

நான் மிகவும் ஆட்சேபிப்பது இதற்கு அடுத்ததை. "வாடகை வருஷா வருஷம் ஏறும், ஈ.எம்.ஐ. ஏறாது" என்கிறார்கள். நம் நாட்டு வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். 2019 அக்டோபர் முதல் வங்கிகள் புதிதாகக் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள், ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் போன்ற ஒரு வெளி அளவுகோலோடு பிணைக்கப்பட்டிருக்கின்றன. கொரோனா காலத்தில் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2022 மே மாதத்திலிருந்து படிப்படியாக ஏறி 2023 பிப்ரவரியில் ஆறரையில் போய் நின்றது. அப்போது தவணை ஏறவில்லை என்பது பலரிடத்தில் மெய், ஏறியது காலம். எங்கள் தெருவில் ஒருவர் கடன் கொடுத்த இடத்திலிருந்து வந்த காகிதத்தைக் கொண்டுவந்து காட்டினார். தவணைத் தொகையில் ஒரு ரூபாய்கூட மாற்றமில்லை. கடைசித் தவணைத் தேதி என்ற இடத்தில் மட்டும் அவருடைய ஓய்வு வயதைத் தாண்டிய ஒரு வருஷம் அச்சாகியிருந்தது. அவர் அந்த வரியைப் படித்திருக்கவில்லை. இதன் வேகத்தை ஓர் உதாரணத்தால் விளக்குகிறேன். ஆறே முக்கால் சதவீதத்தில் ஐம்பது லட்சத்தை இருபது வருஷத்துக்கு வாங்கினால் தவணை 38,018. இரண்டு வருஷம் ஒழுங்காகக் கட்டியபின் நிலுவை 47 லட்சத்து 46 ஆயிரம். அந்த நிலையில் வட்டி இரண்டரை சதவீதம் ஒரே மூச்சில் ஏறி ஒன்பதேகால் ஆகிவிட்டதாகவும், தவணையைத் தொடவில்லை என்றும் வைத்துக்கொண்டால், மாத வட்டி மட்டும் 36,588. அசலுக்குப் போவது 1,430 ரூபாய். பாக்கியிருந்த பதினெட்டு வருஷம் முப்பத்தைந்து வருஷத்துக்கு மேலாகிவிடும். இன்னும் சிறிது ஏறியிருந்தால் கட்டுகிற தவணை வட்டிக்கே போதாமல் கடன் வளரத் தொடங்கியிருக்கும். அப்படி வளர விடக் கூடாது என்றும், வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, நிலையான வட்டிக்கு மாறுவதா என்பதைக் கடனாளியையே கேட்க வேண்டும் என்றும் ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் உத்தரவிட்டதற்கு இந்த அனுபவமே காரணம். 2025-ல் ரெப்போ பிப்ரவரி முதல் ஜூனுக்குள் ஒரு சதவீதம் இறங்கியது. ஏறும்போது படியில் தாவி வந்தது, இறங்கும்போது தன் கடனில் எத்தனை படி இறங்கியது என்று ஒவ்வொருவரும் தம் காகிதத்தை எடுத்துப் பார்த்துக்கொள்ள வேண்டியதுதான்.

சில்லறைச் செலவுகள் என்று ஒதுக்கப்படுபவை சில்லறை அல்ல. தமிழ்நாட்டில் பழைய வீட்டைக் கிரயம் செய்ய, முத்திரைத் தீர்வை வகையில் 7 சதவீதமும் பதிவுக் கட்டணமாக 2 சதவீதமும் கட்ட வேண்டும். 65 லட்சத்துக்கு 5 லட்சத்து 85 ஆயிரம். இது கடனில் அடங்காது, கைப்பணமாக எண்ணி வைக்க வேண்டும். என் மருமகன் இதை மறந்தே போயிருந்தான். பதினைந்து லட்சம் இருபத்தொன்றாக வேண்டும் என்று தெரிந்ததும் சற்று நேரம் காப்பி டம்ளரையே பார்த்துக்கொண்டிருந்தான். போதாததற்கு, கடன் ஏற்பாடு செய்யும் ஆசாமி ஒருவர் ஒன்றரை லட்சத்துக்கு ஓர் ஆயுள் காப்பீட்டைக் கட்டாயம் என்று சொல்லி, கடனோடு சேர்த்துவிடுவதாகவும் தைரியம் கொடுத்திருந்தார். கட்டாயம் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. அதைக் கடனோடு சேர்த்தால் அந்த ஒன்றரை லட்சம் இருபது வருஷத்தில் மூன்று லட்சத்துப் பன்னிரண்டாயிரமாகும். குடும்பஸ்தனுக்குக் காப்பீடு அவசியம் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. அதைத் தனியே, வருஷ பிரீமியமாகக் கட்டிக்கொள்ளட்டும்.

"வீட்டு விலை ஏறிவிடுமே" என்பதற்கு என்னால் முழு மறுப்புச் சொல்ல இயலாது. சொன்னால் அது நியாயமாகாது. கைப்பணம், பதிவுச் செலவு, தவணைகள் எல்லாம் சேர்ந்து இந்த வீட்டுக்கு அவன் இருபது வருஷத்தில் போடுவது ஏறக்குறைய ஒரு கோடியே இருபத்தைந்து லட்சம். 65 லட்சம் வீடு அந்த விலைக்கு உயர, வருஷத்துக்கு மூன்றேகால் சதவீதம் ஏறினால் போதும்; சென்னைப் புறநகரில் அது நடவாத காரியமல்ல. மேலும் ரூபாயின் மதிப்புத் தேய்கிறது: விலைவாசி வருஷத்துக்கு ஐந்து சதவீதம் ஏறுமானால், இருபதாம் வருஷத்து 43,391 ரூபாய் இன்றைய பதினாறாயிரத்துச் சொச்சத்துக்குச் சமம். ஆகவே 'ஐம்பது லட்சத்துக்கு ஒரு கோடி கட்டுகிறாயே' என்று பயமுறுத்துகிற எதிர்க்கட்சியாரும், இன்றைய ரூபாயையும் இருபது வருஷத்துக்குப் பிந்திய ரூபாயையும் ஒன்றாகக் கூட்டுகிற பிழையைச் செய்கிறார்கள். நான் மறுப்பது இவ்வளவே: ஏறுவது மனையின் விலை, கட்டடத்துக்கோ வயதாகிறது, ரொக்கம் கொடுத்து வாங்கியவனுக்கும் அதே ஏற்றந்தான், கடனால் விளைந்த லாபம் என்று அதில் ஏதுமில்லை, ஏறிய விலை கையில் வர வேண்டுமானால் வீட்டை விற்க வேண்டும், விற்றவன் குடியிருக்க வாங்கும் அடுத்த வீடும் அதே அளவு ஏறியிருக்கும்.

வீடே வாங்காதே என்று நான் அவனிடம் சொல்லவில்லை. வாடகை வீட்டில் வீட்டுக்காரர் மகனுக்குக் கலியாணம் என்றால் மூன்று மாதத்தில் சாமான்களைக் கட்ட வேண்டிய அவஸ்தையை நான் நாலு முறை பட்டிருக்கிறேன். அதிலிருந்து விடுபடுவதற்கு ஒரு விலை கொடுக்கலாம், அது சேமிப்பு அல்ல, விலை என்று தெரிந்து கொடுக்க வேண்டும். விலையைக் குறைக்கவும் வழி இருக்கிறது. மாதம் 43,391-க்குப் பதில் 47,000 கட்டினால், அதாவது 3,600 ரூபாய் கூடக் கொடுத்தால், இருபது வருஷக் கடன் பதினாறரை வருஷத்தில் முடிந்து ஏறத்தாழ பதினொரு லட்சம் மிச்சமாகும். தனி மனிதர்களின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. முதல் சில வருஷங்களில் கட்டும் அதிகப்படிக்கே மகிமை அதிகம். கடைசி வருஷங்களில் கட்டுவது வெறும் மனத்திருப்தி.

2024 அக்டோபர் முதல், கடன் அனுமதிக்கும்போது எல்லாச் செலவுகளையும் உள்ளடக்கிய வருஷச் சதவீதத்தையும் தவணை அட்டவணையையும், வாங்குபவருக்குப் புரியும் மொழியில், முக்கிய விவர அறிக்கையாகக் கொடுத்தாக வேண்டும். அவன் அதைப் பையில் மடித்தே வைத்திருந்தான். "எடு மாப்பிள்ளை, பார்ப்போம்" என்றேன். இருநூற்று நாற்பது வரிகள், பொடி எழுத்து. வட்டிக் கட்டத்தையும் அசல் கட்டத்தையும் ஒப்பிட்டபடி விரலைக் கீழே இறக்கிக்கொண்டே வந்தான். அசல் முதன்முறையாக வட்டியை மிஞ்சும் 143-ஆம் வரியில் விரல் நின்றது. அவன் பெண் இந்த வருஷந்தான் எல்.கே.ஜி. சேர்ந்திருக்கிறாள். உதடு அசைய ஏதோ கூட்டிப் பார்த்தான். "அப்போ பாப்பா பதினொண்ணாங் கிளாஸ், மாமா" என்று சொல்லிவிட்டு, பென்சில் இருக்கிறதா என்று கேட்டான்.