ஆணை பிறந்தால் போதுமா?

நீதிமன்ற அவமதிப்பு என்றவுடன், நீதிபதிகளைத் தூற்றுவதே நம்மில் பலருக்கு நினைவுக்கு வருகிறது. 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டமோ அதனை இரு வகையாகப் பிரிக்கிறது. தூற்றுதல் குற்றவியல் அவமதிப்பு. நீதிமன்ற ஆணையை வேண்டுமென்றே மீறுதல் உரிமையியல் அவமதிப்பு. முன்னதால் நீதிமன்றத்தின் மதிப்பு குன்றுகிறது. பின்னதால், ஆணையை நம்பியிருக்கும் எளிய குடிமக்கள் துன்புறுகின்றனர்.

இதற்குச் சான்று நம் சென்னையிலேயே உண்டு. மயிலாப்பூரிலும் தியாகராய நகரிலும் அடையாற்றிலும் பிறந்தநாளுக்கும் திருமணத்துக்கும் கட்சி விழாவுக்கும் நடைபாதையை மறித்து நின்ற பேனர்களைக் காணாதார் யார்? அனுமதியற்ற பதாகைகளுக்கு எதிராகச் சென்னை உயர்நீதிமன்றம் பலமுறை ஆணையிட்டது. அவ்வாணைகள் நிறைவேறவில்லை என்று, 2021-இல் மறைந்த 'டிராஃபிக்' ராமசாமி அவமதிப்பு மனுவும் தொடுத்தார். 2018 டிசம்பரில் அரசியல் கட்சிகள் பதாகை வைப்பதற்கு நீதிமன்றம் இடைக்காலத் தடையே விதித்தது.

ஆயினும், 2019 செப்டம்பர் 12 அன்று பள்ளிக்கரணையில், அரசியல் பிரமுகர் ஒருவரின் இல்லத் திருமணத்துக்காகச் சாலை நடுவே வைக்கப்பட்ட பதாகையொன்று, இரு சக்கர வாகனத்தில் சென்ற 23 வயதுப் பெண்மீது சரிந்தது. நிலைதடுமாறி வீழ்ந்த அவர்மீது பின்னால் வந்த தண்ணீர் லாரி ஏறியது. மறுநாள் உயர்நீதிமன்றம் அரசைக் கடுமையாகக் கண்டித்து, அக்குடும்பத்துக்கு 5 இலட்சம் ரூபாய் இடைக்கால இழப்பீடு வழங்கப் பணித்தது. அந்த உயிரைக் காக்கப் புதிய ஆணை எதுவும் தேவைப்பட்டிருக்கவில்லை. இருந்த ஆணை நிறைவேறியிருந்தாலே போதும்.

ஏன் நிறைவேறவில்லை? அவமதிப்புக்குச் சட்டம் விதிக்கும் உச்சத் தண்டனை ஆறு மாத வெறுங்காவலும் 2,000 ரூபாய் அபராதமுமே. மன்னிப்பு ஏற்கப்பட்டால் அதுவும் நீங்கலாம். ஆணையோ மேசைக்கு மேசை நகர்கிறது; இதற்கிடையில் அதிகாரி மாற்றலாகிறார்; 'வேண்டுமென்றே' மீறியவர் இன்னார் என மெய்ப்பிப்பது அரிதாகிறது. ஓராண்டுக்குள் நடவடிக்கை தொடங்கவேண்டும் என்ற வரம்பும் உண்டு.

எனினும், மனமிருந்தால் கீழ்ப்படிதல் அரிதன்று. அதே ஆண்டு அக்டோபரில், மாமல்லபுரம் வந்த சீன அதிபரை வரவேற்கப் பதாகைகள் வைக்க, அரசே முன்கூட்டி உயர்நீதிமன்றத்தை அணுகி இசைவு கேட்டது. ஓர் உயிர் போகுமுன் அந்த எச்சரிக்கை இருந்திருக்கலாகாதா?

அன்பர்களே, அரசை மட்டும் குறைகூறி நாம் அமைதல் தகாது. பள்ளிக்கரணையில் சரிந்தது மணமக்களை வாழ்த்திய பதாகைதான் அல்லவா? நம் இல்லத் திருமணத்துக்கோ ஆலயத் திருவிழாவுக்கோ பேனர் வைக்கலாம் என்று எவரேனும் சொன்னால், அனுமதி பெற்றாயிற்றா, வழிப்போக்கருக்கு இடையூறு உண்டாகுமா என முதலில் வினவுவோம். ஐயமிருப்பின் வேண்டாம் என்று சொல்லும் துணிவு நமக்கு வேண்டும். அவ்வாறு சொல்வதால் எந்த மங்கலமும் குறைந்துவிடாது.