கிரயப் பத்திரத்தில் இல்லாத விலை

வீட்டின் விலை என்று நான் பத்திரத்தில் எழுதுவது ஒரு தொகை. வாங்குகிறவர் கடைசியில் கட்டி முடிப்பது வேறொரு தொகை. முதல் தொகையை எண்ணாலும் எழுத்தாலும் எழுதுகிறோம். இரண்டு சாட்சிகள் கையெழுத்துப் போடுகிறார்கள், சார்பதிவாளர் கேட்டுச் சரிபார்க்கிறார். இரண்டாவது தொகை எந்தப் பத்திரத்திலும் ஏறுவதில்லை. சென்னையின் தெற்குப் புறநகரில் பத்திர எழுத்தராகப் பல வருடங்களாக உட்கார்ந்திருக்கிறேன். இந்த இரண்டாவது தொகை தெரியாமலே கையெழுத்துப் போட்டுவிட்டுச் சந்தோஷமாகப் போகிற குடும்பங்களைப் பார்க்கும்போது மனசு பதறுகிறது. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

50 லட்ச ரூபாய் வீடு என்று வைத்துக்கொள்வோம். ஊரப்பாக்கம், கூடுவாஞ்சேரி பக்கத்திலிருந்து என்னிடம் வரும் நடுத்தரக் குடும்பங்களின் வரைவுகளில் விலை பெரும்பாலும் இதையொட்டித்தான் இருக்கிறது. 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடன் என்றால் வீட்டு மதிப்பில் 80 சதவீதத்துக்கு மேல் கொடுக்கக் கூடாது என்பது ரிசர்வ் வங்கியின் விதி. ஆகவே கடன் 40 லட்சம், கைக்காசு 10 லட்சம். அதோடு முடிவதில்லை. மறுவிற்பனை வீடு என்றால் முத்திரைத்தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம், ஆக 4.5 லட்சம். இந்தச் செலவை வீட்டு மதிப்போடு சேர்த்துக் காட்டி வங்கியில் கடன் வாங்க முடியாது. பதிவுக்கு முந்தின வாரம் மனைவியின் நகை அடகுக்குப் போவது இதற்காகத்தான். நகைக்கடன் வட்டியையும் வீட்டின் விலையில் சேர்த்தவர் யாரையும் நான் இதுவரை பார்த்ததில்லை.

இனி அந்த 40 லட்சத்துக்கு வருவோம். வட்டி 8.5 சதவீதம், காலம் 20 வருடம். மாதத் தவணை 34,713 ரூபாய். 240 மாதம் கட்டினால் 83 லட்சத்து 31 ஆயிரம். வாங்கியது 40, வட்டி மட்டும் 43 லட்சத்துக்கு மேல். இதைச் சொன்னால் பலரும் தலையை ஆட்டிக் கேட்டுக்கொள்வார்கள். ஓரளவு தெரிந்த விஷயம்தான். தெரியாதது, அந்த வட்டி எந்த வரிசையில் போகிறது என்பது. முதல் மாதம் கட்டும் 34,713 ரூபாயில் 28,333 வட்டி. அசலில் கழிவது 6,380 மட்டும். ஐந்து வருடம் ஒரு தவணை தவறாமல் கட்டியவர் ஏறக்குறைய 20.8 லட்சம் கட்டியிருப்பார். அப்போது போய்ப் பாக்கி எவ்வளவு என்று கேட்டால் 35 லட்சத்து 25 ஆயிரம் என்பார்கள். தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கைத் தாண்டுவது 12-ஆவது வருடத்தின் கடைசியில். பாதிக் கடன், அதாவது 20 லட்சம், தீர 13 வருடம் 10 மாதம் ஆகிறது.

இதில் வங்கியின் தில்லுமுல்லு எதுவும் இல்லை. பாக்கி நிற்கும் அசலுக்குத்தான் ஒவ்வொரு மாதமும் வட்டி. ஆரம்பத்தில் அசல் மலைபோல இருப்பதால் வட்டியும் அப்படி இருக்கிறது. ஆனால் ஐந்தாறு வருடத்தில் வேலை மாறியோ, ஊர் மாறியோ, குடும்பத்தில் பிரச்சினை வந்தோ வீட்டை விற்க வருகிறவர்களுக்கு இது பேரிடி. "இவ்வளவு நாள் கட்டினது எங்கேண்ணே போச்சு?" என்று என் மேசைக்கு எதிரில் நின்று கேட்கிறார்கள். அப்போது நான் சொல்கிற பதிலை வாங்கும்போதே யாராவது சொல்லியிருக்க வேண்டும்.

ஒரகடத்தில் கார் உதிரிபாகக் கம்பெனியில் வேலை பார்க்கும் ஒரு தம்பி மனைவியோடு வந்திருந்தார். கடனுக்கு ஒப்புதல் கிடைத்துவிட்டது, காலம் மட்டும் முடிவாகவில்லை. "முப்பது வருஷம் போட்டா மாசம் நாலாயிரம் கம்மியாகுதுண்ணே. பாப்பா ஸ்கூல் ஃபீஸுக்கு ஆகும்ல" என்றார். நியாயமான யோசனைதான். வரைவுத் தாளின் பின்பக்கத்தில் எழுதிக் காட்டினேன். 30 வருடம் என்றால் தவணை 30,757. மொத்தம் கட்டுவது 1 கோடியே 10 லட்சத்து 72 ஆயிரம். மாதம் நாலாயிரம் மிச்சம் பிடிப்பதற்காகக் கூடுதலாகக் கொடுப்பது 27 லட்சம். அதே கடனை 15 வருடத்தில் முடித்தால் தவணை 39,390, மொத்தம் 70 லட்சத்து 90 ஆயிரம். அந்தப் பெண் தாளை வாங்கி மூன்று வரியையும் திரும்பத் திரும்பப் பார்த்தார். "இருபத்தேழு லட்சத்துக்கு இன்னொரு வீட்டுக்கு மனையே வாங்கிடலாமேங்க" என்று கணவரிடம் சொன்னார். அவர்கள் 20 வருடத்துக்கே போட்டார்கள்.

வட்டி விகிதத்தில் கால் சதவீதம் குறைகிறதா என்று நாலு வங்கி ஏறி இறங்குகிறவர்கள், காலத்தை மட்டும் ஒரு நிமிடத்தில் முடிவு செய்கிறார்கள். என் அனுபவத்தில் குடும்பத்தை அதிகம் அழுத்துவது காலம்தான்.

அந்தக் காலமும் நாம் போட்டபடியே நிற்பதில்லை. வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டியான ரெப்போ விகிதம் 2020 மே முதல் 2022 மே வரை 4 சதவீதத்தில் இருந்தது. அந்த நாட்களில் ஏழு சதவீதத்தை ஒட்டி வீட்டுக் கடன் கிடைத்தது. நிறையப் பேர் வாங்கினார்கள். 2022 மே மாதத்திலிருந்து 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 6.5 சதவீதமாக ஏறியது. 2021 தொடக்கத்தில் 7 சதவீதத்தில் 40 லட்சம் வாங்கியவரை எடுத்துக்கொள்ளுங்கள். தவணை 31,012. இரண்டு வருடம் கழித்துப் பாக்கி 38 லட்சம். வட்டி 9.5 ஆனதும், மாத வட்டி மட்டும் 30,105. தவணையை ஏற்றாமல் விட்டால் அசலில் கழிவது மாதம் சுமார் 900 ரூபாய். மீதமிருந்த 18 வருடம் 37 வருடத்துக்கு மேல் நீள்கிறது. நாற்பது வயதுக்காரர் 77 வயது வரை கட்ட வேண்டும். எந்த வங்கியும் அவ்வளவு தூரம் போக விடாது. ஓய்வு வயதைத் தாண்டும் இடத்தில் தவணையை ஏற்றச் சொல்வார்கள். ஆனால் அதுவரை நீண்டதே பலருக்குத் தெரியவில்லை. காரணம், வங்கிக் கணக்கில் மாதாமாதம் பிடித்த தொகை மாறவில்லை. அதே காலத்தில் முடிக்க வேண்டும் என்றிருந்தால் தவணையை 36,808 ஆக ஏற்றியிருக்க வேண்டும். மாதம் ஐயாயிரத்து எண்ணூறு கூட. கஷ்டம்தான். ஆனால் அந்தக் கஷ்டத்தைத் தாங்குவதா, காலத்தை நீட்டுவதா என்று முடிவு செய்யும் உரிமை கடன் வாங்கியவருக்கு இருந்திருக்க வேண்டும்.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு உத்தரவே போட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சமாகச் செய்வதா என்று கடனாளியைக் கேட்க வேண்டும். இதுவரை அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு கட்டப்பட்டது, இன்னும் எத்தனை தவணை பாக்கி என்று மூன்று மாதத்துக்கு ஒருமுறை அறிக்கை தர வேண்டும். நல்ல உத்தரவு. அந்த அறிக்கை கைபேசிச் செயலியிலோ மின்னஞ்சலிலோ வந்து கிடக்கிறது. திறந்து பார்க்கிறவர் குறைவு. 2025-இல் ரெப்போ 1.25 சதவீதம் இறங்கியபோது உங்கள் கடனில் எது இறங்கியது, தவணையா, காலமா? இன்றே பாருங்கள். பழைய முறையில் வாங்கிய கடனாக இருந்து ரெப்போவோடு இணைக்காமல் விட்டிருந்தால், உங்கள் வட்டி அந்த வேகத்தில் இறங்கியிருக்காது. கட்டணம் கட்டி மாற்றிக்கொள்ள முடியும்.

"வட்டிக்கு வரியில கழிவு கிடைக்குதே" என்பது அடிக்கடி கேட்கும் சமாதானம். மேலே சொன்ன கடனில் முதல் வருட வட்டி 3 லட்சத்து 37 ஆயிரம். பழைய வரி முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு 2 லட்சம் வரைதான் கழிவு. 20 சதவீத வரி கட்டுகிறவருக்கு அதனால் மிச்சம், செஸ்ஸும் சேர்த்து, 41,600 ரூபாய். புதிய வரி முறைக்கு மாறியவருக்கு அந்தக் கழிவே இல்லை.

வாடகை வீட்டிலேயே இருந்துவிடுங்கள் என்று நான் சொல்ல வரவில்லை. வீட்டுக்காரர் காலி செய் என்றதும் பள்ளிக்கூடம் படிக்கும் பிள்ளைகளோடு வீடு தேடி அலைகிற கொடுமை எனக்குத் தெரியும். 20 வருடம் கழித்துக் கட்டும் 34,713 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது என்பதும், சம்பளம் ஏற ஏறத் தவணையின் பாரம் குறையும் என்பதும் உண்மை. மண்ணின் விலை ஏறுவதும் உண்மை. ஆனால் அடுக்குமாடியில் உங்கள் பெயருக்கு வருவது பிரிக்கப்படாத பாகமாகக் கொஞ்சம் மண். மீதியெல்லாம் வருடா வருடம் தேயும் கட்டடம். 83 லட்சம் கட்டி முடிக்கும்போது அந்தக் கட்டடத்துக்குக் குறைந்தது 20 வயது ஆகியிருக்கும். பராமரிப்புக் கட்டணம், வீட்டு வரி, ஒருநாள் வரப்போகும் லிஃப்ட் மாற்றும் செலவு எல்லாம் தவணைக்கு மேலே. வாங்குவது சரியா தவறா என்பதை இவ்வளவையும் பார்த்த பிறகு முடிவு செய்யுங்கள் என்றுதான் கேட்கிறேன்.

கடனோடு ஒட்டிக்கொண்டு வரும் காப்பீட்டைப் பற்றி ஒரு வார்த்தை. குடும்பத் தலைவர் இறந்தால் கடன் அடைபட வேண்டும் என்ற எண்ணம் மிகச் சரி. ஆனால் ஒன்றரை லட்சம் பிரீமியத்தையும் கடனோடு சேர்த்துவிட்டால், 8.5 சதவீதத்தில் 20 வருடத்தில் அது 3 லட்சத்து 12 ஆயிரம். கடன் கொடுப்பவர் காட்டும் அந்த ஒரு பாலிசியைத்தான் எடுக்க வேண்டும் என்று சட்டம் எதுவும் இல்லை. வெளியே தனியாக டேர்ம் பாலிசி எடுத்து வருடா வருடம் கட்டலாம். விசாரித்துவிட்டு முடிவு செய்யுங்கள்.

என் தொழிலுக்கு நேராகச் சம்பந்தப்பட்டது ஒன்று உண்டு. கடன் வாங்கும்போது உரிமைப் பத்திரங்களை ஒப்படைத்ததற்கு ஓர் ஆவணம் பதிவாகிறது, எம்ஓடி என்பார்கள். அது வில்லங்கச் சான்றில் ஏறிவிடும். கடனை அடைத்துவிட்டால் அது தானாக மறையாது. கடன் தீர்ந்ததற்கு ரசீது ஆவணம் போட்டுப் பதிவு செய்ய வேண்டும். கடைசித் தவணை கட்டிய களைப்பில், தடையின்மைச் சான்றை மட்டும் வாங்கிக்கொண்டு போனவர்கள் எத்தனையோ பேர். பல வருடம் கழித்து மகள் கல்யாணத்துக்கு விற்க வரும்போது வில்லங்கத்தில் பழைய அடமானம் நிற்கும். அதற்குள் அந்தக் கிளை வேறு கிளையோடு சேர்ந்திருக்கும், கோப்பு எங்கே என்று தெரியாது. வாங்க வந்தவர் போய்விடுவார். கடன் தீர்ந்த நாளிலிருந்து 30 நாளுக்குள் கடன் கொடுத்தவர்கள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், தங்கள் தரப்பில் தாமதமானால் நாள் ஒன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்று 2023 டிசம்பர் முதல் விதி இருக்கிறது. கடன் அடைத்த வாரத்திலேயே பத்திரங்களை எண்ணி வாங்குங்கள், ரசீது ஆவணத்தைப் பதியுங்கள், புது வில்லங்கச் சான்று எடுத்துப் பாருங்கள்.

ஏற்கெனவே கடனில் இருப்பவர்கள் மனம் தளர வேண்டாம். வருடத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டுங்கள். போனஸ் வரும் மாதத்தில் முடியும். மேலே சொன்ன 20 வருடக் கடன் 16 வருடம் 9 மாதத்தில் தீர்ந்துவிடும். ஏறக்குறைய 8 லட்சம் வட்டி மிச்சமாகும். மாறும் வட்டியில் உள்ள தனிநபர் வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பதற்கு அபராதம் வாங்கக் கூடாது என்று வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி 2012-லேயே சொல்லிவிட்டது. கட்டும்போது தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள் என்று எழுத்தில் கொடுங்கள். முதல் ஏழெட்டு வருடத்தில் கட்டும் கூடுதல் பணத்துக்குத்தான் பலன் அதிகம்.

இனிமேல் வாங்கப் போகிறவர்களுக்கு இன்று நல்ல பாதுகாப்பு ஒன்று இருக்கிறது. 2024 அக்டோபர் முதல், கடன் தருபவர் முக்கிய விவரத் தாள் என்ற ஒன்றைத் தர வேண்டும். எல்லாக் கட்டணங்களையும் சேர்த்த உண்மையான வருட வட்டி விகிதம், மாதாமாத அசல் வட்டி அட்டவணை எல்லாம் அதில் இருக்கும். அதில் இல்லாத கட்டணத்தை உங்கள் சம்மதம் இல்லாமல் பிறகு வாங்க முடியாது. கடன் வாங்குகிறவருக்குப் புரிகிற மொழியில் அது இருக்க வேண்டும் என்பதும், அந்த நிபந்தனைகள் குறைந்தது மூன்று வேலை நாள் செல்லுபடியாக வேண்டும் என்பதும் விதி. ஆங்கிலத் தாளில் பென்சிலால் போட்ட பெருக்கல் குறி பார்த்துக் கையெழுத்துப் போடாதீர்கள். தமிழில் கேளுங்கள். வீட்டுக்குக் கொண்டுபோங்கள். மூன்று நாளையும் எடுத்துக்கொள்ளுங்கள். அட்டவணையின் கடைசி வரி வரை கூட்டி, மொத்தத் தொகையைக் கணவனும் மனைவியும் சேர்ந்து பாருங்கள். தாங்காது என்று தோன்றினால் சின்ன வீடாகப் பாருங்கள், இல்லாவிட்டால் இரண்டு வருடம் பொறுத்துக் கைக்காசைக் கூட்டுங்கள்.