ஆறுதல் பாடியவர்க்கு நாம் செய்வது என்ன?



மனம் உடைந்து நிற்கும் ஒருவனுக்கு ஒரு பாடல் துணை நிற்கக் கூடுமா? கூடும் என்பதற்கு இரண்டு சான்றுகளை இம்மாதம் உங்கள் முன் வைக்கிறோம். ஒன்று கடல் கடந்தது. மற்றொன்று நம் வீடுகளில் ஒலிப்பது.

அமெரிக்காவின் ஜார்ஜியா மாநிலத்தில் ஏதென்ஸ் என்னும் ஊரில் தோன்றியது ஆர்.இ.எம். என்ற ராக் இசைக்குழு. 1992-ஆம் ஆண்டு அக்குழு வெளியிட்ட இசைத்தொகுப்பில் ‘எவ்ரிபடி ஹர்ட்ஸ்’ என்றொரு பாடல் இடம்பெற்றது. துன்பம் எல்லார்க்கும் வரும், தளர்ந்து விடாதே என்று வாழ்வில் வெறுப்புற்ற இளையோரிடம் பேசும் பாடல் அது. ராக் இசை என்றாலே இரைச்சல் என்று முகம் சுளிக்கும் பெரியவர்கள் அதைக் கேட்டால் வியப்படைவர்; அத்துணை மெதுவான, அடக்கமான இசை. 2010 சனவரியில் எயிட்டி நாட்டை நிலநடுக்கம் சிதைத்தபோது, பாடகர் பலர் பிரிட்டனில் ஒன்றுகூடி அப்பாடலை மீண்டும் பாடி, விற்பனைப் பணத்தை நிவாரணத்துக்கு அளித்தனர். ஆர்.இ.எம். குழுவினரும் தமக்குரிய உரிமைத்தொகையை விட்டுக்கொடுத்தனர். சொல்லளவில் இருந்த ஆறுதல் அன்று செயலாயிற்று.

நிற்க. நம் தமிழகத்திலும் அத்தகைய பாடல் ஒன்று உண்டு. 2004-இல் சேரன் இயக்கிய ‘ஆட்டோகிராப்’ திரைப்படத்தில், பா. விஜய் எழுதி, பரத்வாஜ் இசையமைத்து, சித்ரா பாடிய ‘ஒவ்வொரு பூக்களுமே’ என்னும் பாடலை அறியாதார் யார்? பாடலாசிரியருக்கும் பாடகிக்கும் அவ்வாண்டுக்கான தேசிய விருது கிடைத்தது. ‘ஒவ்வொரு’ என்னும் சொல்லுக்குப் பின் ‘பூவும்’ என ஒருமையே வரவேண்டும் என்பர் இலக்கணம் கற்றோர். அவர்கள் கூறுவது சரியே. ஆயினும் துயருற்றிருந்த எவரும் அப்பிழையைக் கண்டு காதைப் பொத்திக்கொள்ளவில்லை.

காரணம் யாது? அக்காட்சியில் மேடையில் தோன்றும் பார்வையற்ற கலைஞர்கள் வேடமிட்ட நடிகர்கள் அல்லர். கோமகன் என்னும் பார்வையற்ற பாடகரும் அவரைச் சார்ந்த இசைக்குழுவினருமே அவர்கள். வயிறு நிறைந்தவன் பசித்தவனுக்குப் பொறுமையைப் போதித்தால் எரிச்சலே மிஞ்சும். சுமை சுமந்தவனே ‘தாங்கலாம், வா’ என்று அழைத்தால் நம்பிக்கை பிறக்கும் அன்றோ?

ஆனால் அவர்களுக்கு ஆறுதலாக நின்றவர் எத்தனை பேர்? 2020-இலும் 2021-இலும் கொரோனா நோயால் திருவிழாக்கள் நின்றன. மேடையை நம்பி வாழ்ந்த கலைஞர்கள் வருவாய் இன்றித் தவித்தனர். அந்நோய்க்கே 2021 மே மாதத்தில் கோமகன் இரையானார். நம் கண்ணீரைப் பெற்ற பாடல், பாடியவர் வீட்டு அடுப்பைத் தானாக எரியச் செய்வதில்லை.

திண்டுக்கல் நகரிலும், சுற்றியுள்ள ஆத்தூர், நிலக்கோட்டை, வேடசந்தூர் ஊர்ப்புறங்களிலும் திருவிழா என்றால் தேர்ப்பவனி, அசனம், இரவில் இன்னிசைக் கச்சேரி. முத்தழகுபட்டி புனித செபஸ்தியார் திருவிழாவின் அசனத்துக்கு ஆடும் கோழியும் அரிசியும் காணிக்கையாக வந்து குவிவதை நாம் அறிவோம். கொடுக்கும் கை நமக்கு உண்டு. அக்கை கச்சேரி மேடைவரை நீள வேண்டும் என்பதே நம் வேண்டுகோள்.

விழாக்குழுவினர் அடுத்த கச்சேரிக்குப் பார்வையற்றோர் இசைக்குழு ஒன்றை அழைக்கலாகாதா? இரக்கத்துக்காக அழைக்க வேண்டாம். அவர்கள் நன்றாகப் பாடுவதால் அழையுங்கள். பிற குழுவுக்குப் பேசும் தொகையையே அவர்களுக்கும் பேசுங்கள். மேடைப் படியேற்றவும் இறக்கவும் பொறுப்பான இளைஞர் இருவரை நியமியுங்கள். பாடுமுன் உணவு அளியுங்கள். மீதிப் பணத்தை ‘நாளை வாருங்கள்’ என்று தள்ளாமல், அவர்கள் வண்டியேறுமுன் கையில் எண்ணிக் கொடுங்கள். இது தர்மம் அன்று, உழைத்தவர்க்குரிய கூலி.

உங்கள் தெருவில் பார்வையற்ற குழந்தை உண்டாயின், ‘ஐயோ பாவம்’ என்று கடந்து போகாதீர்கள். அதன் பெற்றோரிடம் சிறப்புப் பள்ளியைப் பற்றிப் பேசுங்கள். பாட்டில் நாட்டம் இருந்தால் ஆசிரியர் ஒருவரைத் தேடிக் கொடுங்கள். அடுத்த முறை வானொலியில் அப்பாடல் ஒலிக்கும்போது, கண்ணைத் துடைத்துக்கொண்டபின் இதையும் நினைவில் கொள்ளுங்கள்.