கட்டடத்தை மட்டும் பாருங்க என்கிறவர்களுக்கு

எடின்பரோவில் படிக்கும் நண்பன் ஒரு படம் அனுப்பினான். செயின்ட் ஆண்ட்ரூ சதுக்கம். நடுவில் புல்வெளி, அதில் ஓர் உயரமான தூண், பின்னால் ஒரு மாளிகை. "எவ்ளோ அளவா கட்டியிருக்கான் பாரு மச்சி. நம்ம ஊர்ல இப்படி ஒரு இடம் இருக்கா?" தூண் மேல நிக்கறது யாருடான்னு கேட்டேன். "யாரோ டண்டாஸாம். அதெல்லாம் எதுக்கு? ஆர்க்கிடெக்சரைப் பாரேன்."

இந்த "அதெல்லாம் எதுக்கு" மேலதான் என் சண்டை.

சரி, ஆர்க்கிடெக்சரையே பார்ப்போம். 1767இல் ஏற்கப்பட்ட ஜேம்ஸ் கிரெய்க்கின் நகர்த் திட்டம் ரொம்ப எளிமையானது. இரு முனைகளில் இரண்டு சதுக்கங்கள், நடுவே அவற்றை இணைக்கும் நேரான ஜார்ஜ் தெரு. கிழக்குச் சதுக்கத்தில், தெருவின் பார்வை போய் முடியும் இடத்தில் ஒரு தேவாலயம் வர வேண்டும். இது வரைபடத்தில் இருந்தது. ஆனால் அந்த மனையை சர் லாரன்ஸ் டண்டாஸ் வாங்கிவிட்டார். ஏழாண்டுப் போரில் படைகளுக்குச் சரக்கு கொடுத்துப் பெரும்பணம் பார்த்தவர். கரீபியத் தீவுகளில் அடிமைகள் உழைத்த தோட்டங்களும் அவருக்கு இருந்தன. வில்லியம் சேம்பர்ஸ் வடிவமைத்த அவருடைய மாளிகை 1774 வாக்கில் எழுந்து நின்றது. தேவாலயம் ஜார்ஜ் தெருவின் ஓரத்துக்குத் தள்ளப்பட்டது. மாளிகை 1825இல் ராயல் வங்கியின் கைக்குப் போனது.

அதாவது, கடவுளுக்கு ஒதுக்கிய இடத்தில் முதலில் பணக்காரர், பிறகு வங்கி. வாங்கியவர் யாரென்று கேட்காமல் இந்தச் சதுக்கத்தின் அமைப்பை எப்படி விளக்குவீர்கள்? கட்டடத்தை மட்டும் பார்த்தால் கட்டடமே புரியாது சார்.

இப்போது தூண். மேலே நிற்பவர் வேறு டண்டாஸ்: ஹென்றி, முதலாம் மெல்வில் பிரபு. ரோமின் டிராஜன் தூணை மாதிரியாக வைத்து வில்லியம் பர்ன் வடிவமைத்தது. உயரம் 40 மீட்டருக்கு மேல். 1792இல் அடிமை வணிகத்தை ஒழிக்கும் தீர்மானம் பாராளுமன்றத்துக்கு வந்தபோது, அதில் "படிப்படியாக" என்ற சொல்லை நுழைத்தவர் இவர். வணிகம் சட்டப்படி ஒழிந்தது 1807இல். அந்தத் தாமதத்தில் அவருக்கு எவ்வளவு பங்கு என்று வரலாற்றாசிரியர்கள் இன்றும் அடித்துக்கொள்கிறார்கள். வழக்கறிஞராக இருந்தபோது, ஸ்காட்லாந்தில் தன் விடுதலைக்காக வழக்காடிய ஜோசஃப் நைட் என்ற கறுப்பினத்தவருக்காக வாதாடி, 1778இல் வென்றவரும் இவரேதான். அதையும் சொல்லணும். தாமதத்துக்கு அவரைப் பொறுப்பாக்கும் விளக்கப் பலகை தூணடியில் வைக்கப்பட்டது, 2023இல் அகற்றப்பட்டது, 2024இல் திரும்ப வந்தது. ஒரு பலகைக்கே இத்தனை போராட்டம் என்றால், கல் ஒன்றும் ஊமை இல்லை என்றுதானே அர்த்தம்?

அந்தப் பலகையில் இல்லாத கதை ஒன்று நம்முடையது. ஆற்காட்டு நவாப் முகமது அலிக்குக் கிழக்கிந்தியக் கம்பெனி ஊழியர்கள் கொள்ளை வட்டிக்குக் கடன் கொடுத்தார்கள். ஈடு நம் ஊர்களின் நிலவரி. அந்தக் கடன்களில் எது நிஜம், எது பொய் என்று விசாரிக்கச் சொன்னது 1784ஆம் ஆண்டுச் சட்டம். அதே சட்டத்தால் உருவான கட்டுப்பாட்டு வாரியமோ, விசாரணையே இல்லாமல் கடனை வரிப்பணத்திலிருந்து அடைக்க உத்தரவிட்டது. வாரியத்தை இயக்கிய முக்கியக் கை ஹென்றி டண்டாஸ்.

1785 பிப்ரவரியில் எட்மண்ட் பர்க் இதை எதிர்த்துப் பாராளுமன்றத்தில் முழங்கினார். அந்த உரையில் அவர் நம் ஏரிகளைப் பற்றிப் பேசினார் என்பது எத்தனை பேருக்குத் தெரியும்? மழைநீரைத் தேக்க வெட்டிய ஆயிரக்கணக்கான ஏரிகள்தாம் உண்மையான அரசர்களின் நினைவுச் சின்னங்கள் என்பது அவர் கட்சி. பர்க்கின் ஓட்டு ஜெயிக்கவில்லை. டண்டாஸுக்குத் தூண் கிடைத்தது.

சிலையை உடைங்க என்று நான் சொல்லவில்லை. உடைத்தால் கேள்வியும் சேர்ந்து போய்விடும். அந்தச் சதுக்கம் அழகுதான், மறுக்கவில்லை. ஆனால் அந்த அழகுக்கு யார் பணம் கட்டினார்கள் என்று கேட்பதை ரசனைக் குறைவு என்று சொல்லாதீர்கள். கேட்காமல் ரசிப்பது பாதி ரசனைதான்.

நண்பனுக்கும் பதில் போட்டேன். நம்ம ஊர்ல இப்படி இடம் இருந்துச்சு மச்சி, அதுக்குப் பேர் ஏரி. மாம்பலத்து ஏரியைத் தூர்த்துத்தான் தி.நகர் போட்டோம். அங்கே ஒரு விளக்கப் பலகை வைக்கச் சொல்லி நாம இதுவரைக்கும் சண்டை போட்டிருக்கோமா?