பாட்டிலே அந்தப் பொண்ணு என்ன சொல்றா?



மாவடுவுக்கு உப்புப் போட்டுக் குலுக்கி வைத்துவிட்டு எழுத உட்கார்ந்திருக்கிறேன். ஆனால் இந்தத் தடவை ஊறுகாய்ப் பக்குவம் இல்லை, 'ராப்' பாட்டைப் பற்றி எழுதப் போகிறேன். சிரிக்காதீர்கள்! பர்கூரில் ஜவுளிக்கடைக்காரர் மனைவிக்கும் ராப் பாட்டுக்கும் என்ன சம்பந்தம் என்றுதான் நானும் நினைத்திருந்தேன்.

என் பெண் ஓசூரில் ஒரு கம்பெனியில் வேலை பார்க்கிறாள். ஹாஸ்டல் வாசம். பதினைந்து நாளைக்கு ஒரு தடவை பஸ் ஏறி வருவாள். வந்தால் காதில் அந்த ஒயரை மாட்டிக்கொண்டு ஒரே பாட்டுத்தான். நாலு மாதம் முன்பு ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஐந்து நிமிஷத்துக்கு ஒரு தடவை போன் அடித்தது. ஒவ்வொரு தடவையும் அவள் முகம் வெளுத்தது. நான் என்ன செய்தேன் தெரியுமா? போனைப் பிடுங்கி, "யாருடி அவன்? எல்லாம் இந்தப் பாட்டைக் கேட்டுக் கெட்டுப் போனதுதான்" என்று கத்தினேன். அவள் வாயே திறக்கவில்லை. மறுநாள் விடிகாலையில் பஸ் ஏறியவள் ஒன்றரை மாதம் ஊர்ப் பக்கமே வரவில்லை.

அந்த ஒன்றரை மாதத்தில், இன்ஜினீயரிங் படிக்கும் என் மகன்தான் எனக்கு வாத்தியார் ஆனான். "பாட்டைத் திட்டறதுக்கு முன்னாடி அது என்னன்னு தெரிஞ்சுக்கோம்மா" என்றான். தாளத்துக்குப் பேச்சு மாதிரி அடுக்கிக்கொண்டே போவதுதான் ராப்பாம். 1973-இல் நியூயார்க்கில் ஒரு பெண், பள்ளிக்கூடம் திறக்கும் சமயம் புதுத்துணி வாங்கக் காசு சேர்க்கணும் என்று ஒரு பார்ட்டி வைத்தாள். அங்கே இசைத்தட்டு போட்டது அவள் அண்ணன். இந்தப் பாட்டு வகை பிறந்தது அந்த ராத்திரிதான் என்று சொல்கிறார்கள். ஒரு பெண்ணின் துணிச் செலவில் ஆரம்பித்த சமாசாரம்! ஜவுளிக்கடை வீட்டுக்காரி எனக்கு இது பிடித்துப் போயிற்று.

நம் தமிழுக்கு வந்தால், 1994-இல் 'காதலன்' படத்தில் வந்த பேட்டை ராப் நமக்கே ஞாபகம் இருக்கும். அதில் தேனி குஞ்சரம்மாளின் குரல் கணீரென்று இருக்கும். 2006-இல் மலேசியாவில் யோகி பி குழுவினர் 'வல்லவன்' என்று ஒரு முழு ஆல்பம் போட்டார்கள். பிறகு கோயம்புத்தூர் ஆதியும் ஜீவாவும் சேர்ந்த 'ஹிப்ஹாப் தமிழா'. 2011-இல் இவர்களுடைய ஒரு பாட்டு இணையத்தில் தீயாகப் பரவியது. கிளப்புக்குப் போய்க் குடிக்கும் பெண்களைக் கண்டிக்கிற பாட்டு. ஆண் குடித்தால் கேள்வி இல்லை, பெண்ணைத்தான் திட்டுவதா என்று அப்போதே பலர் கேட்டார்கள். மறு வருஷம் 'ஹிப்ஹாப் தமிழன்' ஆல்பம் வந்தது.

என் மகன் இன்னொரு ஆல்பத்தையும் சொன்னான். அமெரிக்காவில் லாரின் ஹில் என்ற பெண் 1998-இல் போட்டது. முழுக்கக் காதல், ஏமாற்றம், தாய்மை. பாட்டுகளுக்கு நடுவே ஒரு வகுப்பறை வருகிறது. காதல்னா என்ன என்று வாத்தியார் கேட்க, பிள்ளைகள் கூச்சமில்லாமல் பதில் சொல்கிறார்கள். குழந்தை வேண்டாம், பாட்டுத் தொழிலைப் பார் என்று சிலர் சொன்னதையும் மீறிப் பெற்ற மகனுக்காகவே அந்தப் பெண் ஒரு பாட்டுப் பாடியிருக்கிறார். 1999-இல் ஒரே இரவில் ஐந்து கிராமி விருது வாங்கினாராம்.

அந்த வகுப்பறை என் மனசில் உட்கார்ந்துகொண்டது. காதல்னா என்ன என்று என் பெண்ணிடம் நான் ஒரு நாளாவது கேட்டிருக்கிறேனா? "யாருடி அவன்?" என்றுதானே கேட்டேன்!

அடுத்த முறை அவள் வந்தபோது இரண்டு பேரும் அவரைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தோம். "பாப்பா, எனக்கும் ஒரு காதுக்குக் கொடேன்" என்றேன். ஒரு மாதிரியாகப் பார்த்தாள், ஆனால் கொடுத்தாள். ஏதோ ஒரு காதல் ராப். தன்னை விட்டுப் போனவளைப் பற்றி ஒரு பையன் படபடவென்று பொரிந்து தள்ளுகிறான்.

"இதிலே அந்தப் பொண்ணு என்ன சொல்றா?" என்று கேட்டேன், நிஜமாகவே தெரியாமல்.

"அவ பேசவே மாட்டாம்மா. பாட்டு முழுக்க அவன்தான் பேசறான்."

சொல்லிவிட்டுக் கத்தியைக் கீழே வைத்தாள். கண்ணில் தண்ணீர். அப்புறம் மெதுவாக எல்லாம் வந்தது. பழகினது நிஜம். கொஞ்ச நாளில் எங்கே இருக்கிறாய் என்று மணிக்கு மணி காட்டச் சொன்னானாம், போனின் ரகசிய எண்ணைக் கேட்டானாம். வேண்டாம் என்று இவள் விலகியதும், "போட்டோவை எல்லாருக்கும் அனுப்புவேன்" என்று மிரட்டல்.

"ஏண்டி கண்ணு அம்மாகிட்டே அப்பவே சொல்லலே?"

"சொன்னா வேலையை விட்டு நிறுத்திடுவீங்களே!"

சகோதரிகளே, அவரைக்காய்க் கத்தி என் நெஞ்சில் இறங்கினது மாதிரி இருந்தது. மிரட்டினவனைவிட நம்மைக் கண்டுதான் பெண் அதிகம் பயந்திருக்கிறாள். அவன் பலமே அந்தப் பயம்தான்.

என்னவரிடம் அன்று ராத்திரியே சொன்னேன். முதலில் குதித்தார். "தப்புச் செய்தவன் வேலைக்குப் போகிறான், நம்ம பொண்ணு ஏன் நிற்கணும்?" என்று ஒரே கேள்விதான் கேட்டேன். காலையில் அவரே அவளை மகளிர் காவல் நிலையத்துக்குக் கூட்டிப் போனார். மிரட்டல் செய்திகளை அழிக்காமல் வைத்திருந்தது நல்லதாயிற்று. அவனைக் கூப்பிட்டு விசாரித்தார்கள். போன் ஓய்ந்தது. பெண் இப்போதும் அதே வேலையில் இருக்கிறாள்.

நமக்குத் தெரிந்திருக்க வேண்டியவை: பெண் வேண்டாம் என்ற பிறகும் பின்தொடர்வதும், திரும்பத் திரும்பத் தொடர்புகொள்ள முயல்வதும், அவள் இணையத்தில் செய்வதை வேவு பார்ப்பதும் குற்றம். 2013 முதலே சட்டத்தில் உண்டு. 2024 ஜூலை முதல் பாரதிய நியாய சன்ஹிதாவில் 78-வது பிரிவு, முதல் தடவைக்கே மூன்று வருஷம் வரை சிறைத் தண்டனை. பெண்கள் உதவிக்கு 181, இணைய மிரட்டலுக்கு 1930, பதினெட்டு வயதுக்குள் இருந்தால் 1098. அடுப்படி காலண்டர் ஓரத்தில் எழுதி வையுங்கள்.

பாட்டைப் பிடுங்காதீர்கள், கூட உட்கார்ந்து கேளுங்கள். பெண் பிள்ளையிடம் மட்டுமில்லை, ஆண் பிள்ளையிடமும் அந்தக் கேள்வியைக் கேளுங்கள்: "இதிலே அந்தப் பொண்ணு என்ன சொல்றா?" நானும் என் மகனிடம் கேட்டேன். வெகு நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "யோசிச்சதே இல்லேம்மா" என்றான்.

மாவடு பக்குவம் அடுத்த இதழில்.