சும்மா வந்த கப்பல்களின் விலை

தானம் கொடுத்த மாட்டைப் பல்லைப் பிடித்துப் பார்க்காதே என்பார்கள். கப்பல் விடயத்தில் எனக்கு அதில் உடன்பாடில்லை. மாட்டுக்குப் புல் போட்டால் போதும். ஐம்பது வயதான போர்க்கப்பலுக்கு டொலர் அல்லவா போட வேண்டும்?

நமது கடற்படையின் பெரிய கப்பல்களில் அநேகமானவை வேறொரு நாட்டில் உழைத்துக் களைத்து வந்தவை. 'சயுர' இந்தியக் கடற்படையின் 'சரயு'வாக இருந்தது. 'சாகர' இந்தியக் கரையோரக் காவல் படையின் 'வராஹா'. முதலில் குத்தகைக்கு வந்து பின்னர் நமக்கே சொந்தமானது. 'பராக்கிரமபாகு' 1994இல் சீனக் கடற்படையில் சேர்ந்து 2019இல் நமக்கு அன்பளிப்பாக வந்தது. 'சமுதுர', 'கஜபாகு', 'விஜயபாகு' மூன்றும் அமெரிக்கக் கரையோரக் காவல் படை கழித்தவை. கோவா தளத்தில் புதிதாகக் கட்டி வாங்கிய 'சயுரால'வும் 'சிந்துரால'வும்தான் விதிவிலக்கு.

இது புதிய பழக்கமும் அல்ல. 1959இல் அன்றைய இலங்கைக் கடற்படை 'கஜபாகு', 'மகாசேன' என்ற இரண்டு கப்பல்களை வாங்கியது. இரண்டும் கனடாவில் பிறந்தவை. வாங்கியதோ இஸ்ரேலிடமிருந்து! இன்று இஸ்ரேல் உறவு பற்றிக் கொதிப்புடன் விவாதிக்கும் நம்மவர்களில் எத்தனை பேர் இதை அறிவார்கள்? கப்பலுக்கு நாம் மன்னர்களின் பெயரைச் சூட்டிவிடுகிறோம், அதன் பழைய கதை மறைந்துவிடுகிறது.

இப்போதைய 'கஜபாகு'வின் கதை இன்னும் விசித்திரமானது. 1968இல் சேவையில் சேர்ந்த இந்த 'ஷேர்மன்' வியட்நாம் போரில் வட வியட்நாமியக் கப்பலொன்றை மூழ்கடித்தது. அதே ரகத்தில் மொத்தம் 12 கப்பல்கள். அமெரிக்கா அவற்றைப் பிலிப்பைன்ஸ், நைஜீரியா, பங்களாதேஷ், இலங்கை ஆகிய நாடுகளுக்குப் பங்கிட்டது. அந்த வியட்நாமுக்கும் கொடுத்தது! சீனாவின் கடல் எல்லைக்கு அருகில் இருப்பவர்களையும், சீனா துறைமுகம் கட்டும் இடங்களில் இருப்பவர்களையும் கவனித்துத்தான் இந்தத் தாராளம். சீனா தன் கப்பலைத் தந்ததும் அதே கணக்கில்தான். 2019இல் ஜூன் மாதம் அமெரிக்கக் கப்பல், ஓகஸ்ட் மாதம் சீனக் கப்பல் என இரண்டையும் ஒரே ஜனாதிபதி சேவையில் இணைத்தார். இதை நடுநிலை என்று சொல்லலாம். ஆனால் இயந்திரம் ஒரு நாட்டுடையது, ராடார் இன்னொரு நாட்டுடையது, உதிரிப்பாகத்துக்கு மூன்று தலைநகரங்களின் வாசலில் நிற்க வேண்டும் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

'விஜயபாகு' 2022 நவம்பரில் சேவையில் இணைக்கப்பட்டது. நாடு கடன் கட்ட முடியாது என்று அறிவித்து ஏழு மாதங்கள்தான் கடந்திருந்தன. 2024 ஜனவரியில், ஹூதிகளின் தாக்குதலை எதிர்கொள்ளும் அமெரிக்கத் தலைமையிலான நடவடிக்கைக்காகச் செங்கடலுக்குக் கப்பல் அனுப்பப்போவதாக அப்போதைய ஜனாதிபதி ரணில் விக்கிரமசிங்க அறிவித்தார். இரண்டு வாரத்துக்கு 250 மில்லியன் ரூபா செலவாகும் என்றும் அவரே சொன்னார். நாளொன்றுக்கு ஏறத்தாழ ஒரு கோடியே எண்பது இலட்சம்! கப்பல்கள் ஆபிரிக்காவைச் சுற்றிப் போனால் நமது பொருட்களின் விலையும் ஏறும் என்ற அவரது வாதத்தை நான் ஒதுக்கவில்லை. ஆனால் காஸாவில் குண்டு விழுந்துகொண்டிருந்தபோது அந்தக் கடலில் யாருடைய அணியில் நிற்கிறோம் என்ற கேள்வி, கொடுத்தவனின் கப்பலை வைத்திருக்கும் நாட்டுக்குச் சுலபமான கேள்வி அல்ல.

அதற்காகப் பெரிய கப்பலே வேண்டாம் என்று எழுத என்னால் முடியாது. நான் கிழக்குக் கரையைச் சேர்ந்தவன். 2020 செப்டெம்பரில் சங்கமன்கண்டிக்கு அப்பால் 'நியூ டயமண்ட்' எரிந்தபோது அதில் இரண்டு இலட்சத்து எழுபதாயிரம் தொன் மசகு எண்ணெய் இருந்தது. இந்தியக் கப்பல்களும் ஓடி வந்து தீயை அணைக்காவிட்டால் அம்பாறைக் கரை என்னவாகியிருக்கும்? 2022 டிசம்பரில் இயந்திரம் பழுதாகித் தத்தளித்த 104 ரோஹிங்கிய அகதிகளைக் கரைசேர்த்ததும் நமது கடற்படைதான். பெண்களும் குழந்தைகளும் இருந்த படகு அது. சர்வதேச ஏற்பாட்டின்படி தேடுதல், மீட்பு விடயத்தில் இலங்கைக்குப் பொறுப்பான கடற்பரப்பு நமது நிலத்தைப்போல் சுமார் 27 மடங்கு. அதைச் சிறு படகுகளால் காக்க முடியாது.

ஆகவே என் முறைப்பாடு கப்பல் மீதல்ல, கணக்கில்லாமை மீது. கப்பல் வரும்போது மேளம், கொடி, படம் எல்லாம் உண்டு. அதை ஓட்ட வருடத்துக்கு எரிபொருள் எவ்வளவு, திருத்தச் செலவு எவ்வளவு, கொடுத்த நாடு வைத்த நிபந்தனை என்ன என்பதைப் பாராளுமன்றத்தில் கப்பல் வாரியாகப் பிரித்து வைத்தால் என்ன?

ஆழ்கடல் படகில் போகும் என் மச்சான் ஒருமுறை கேட்டார்: "அந்தப் பெரிய கப்பலெல்லாம் வருசத்துல எத்தினை நாள் கடல்ல நிக்கிது, எத்தினை நாள் துறைமுகத்துல நிக்கிது?" பாதுகாப்பு அமைச்சின் செலவுத் தலைப்பு அடுத்தமுறை விவாதத்துக்கு வரும்போது, நமது எம்.பி.மாரில் ஒருவராவது இதை அப்படியே கேட்கட்டும்.